அரைப்பேர்

ஹட்டன் நீதிமன்றத்தில் பதினொரு வருடமாக
மற்றவர்களின் வாயாக இருக்கிறேன்.
சொந்தமாக ஒரு சொல்லும் சேர்க்கமாட்டேன் என்று
சத்தியம் செய்த வாய்.

முதல் கோப்பு சவரியம்மா.
விறகுக்குப் போனவள், ஓடையில் கிடந்தாள்.
வழுக்கி விழுந்திருக்கிறாள் என்றார்கள்.
நானும் சிங்களத்தில் வழுக்கி விழுந்தேன்.
இடது காதில் தோடில்லை என்றாள் அக்காள்காரி.
அடகு வைத்திருப்பாள் என்றார் சார்ஜன்ட்.
"அடகு வச்சா ரெண்டையுந்தானே வைப்போம்?"
அதையும் மாற்றிச் சொன்னேன்.
தட்டச்சுச் சத்தம் கேட்கவில்லை.

திலகேஸ்வரி, வேறு பொலிஸ் பிரிவு.
காதல் விவகாரம், மருந்து குடித்திருக்கலாம்.
இடது காது.

பூங்காவனத்தின் பெயரை
மூன்று தாளில் மூன்று விதமாக எழுதி
திறந்த தீர்ப்புக் கொடுத்தார்கள்.
திறந்தே கிடக்கிறது.

நீதவான்மார் இடம் மாறிப் போனார்கள்.
பொறுப்பதிகாரிகள் பதவி உயர்ந்து போனார்கள்.
பாலத்துக்கு இந்தப் பக்கம் ஒரு பொலிஸ்,
அந்தப் பக்கம் இன்னொன்று.
கீழே ஓடுகிற தண்ணீர் ஒன்றுதான்.
அதுவும் நானும்தான் எல்லாவற்றுக்கும் இருந்தோம்.
அதற்கு வாயில்லை,
எனக்கு இருந்தது பிறத்தியாருடையது.

நாலாவது, பேர் தெரியாத ஒருத்தி.

தோட்டத்தில் எல்லாவற்றுக்கும் கணக்கு உண்டு.
பதினெட்டுக் கிலோ ஐநூறு கிராம்,
சாக்குக்கும் ஈரத்துக்கும் இரண்டு கழிவு,
குறைந்தால் அரைப்பேர்.
அன்றைக்கு யோகமலர் மத்தியான நிறுவைக்கு வந்திருந்தாள்,
பின்நேர நிறுவையில் இல்லை.
கணக்கப்பிள்ளை அரைப்பேர் போட்டுவிட்டார்.
அந்த அரைப்பேர்தான் சாட்சியாக வந்தது.
இரண்டு நிறுவைக்கும் நடுவில்
அந்த மலைக்குப் போன ஒரே வண்டி
கொழுந்து லொறி.

வழக்கு நுவரெலியா மேல் நீதிமன்றத்துக்கு ஏறியபோது
என்னையும் கூப்பிட்டார்கள்.
கொழும்பிலிருந்து ஒரு நிபுணர் வந்தார், மெல்லிய குரல்.
இப்படிப்பட்டவர்கள் பெரும்பாலும்
முப்பதை ஒட்டிய வயது, ஒட்டாத சுபாவம்,
பத்தில் ஏழு பேருக்குக் குடும்பமில்லை என்றார்.
கூண்டில் நின்றவனுக்கு ஐம்பத்திரண்டு.
இரண்டு மகள்கள், திருவிழாக் கமிட்டியில் பொருளாளர்.
அவன் முகத்தைப் பார்த்து அவன் இல்லாத சராசரியை
அவனுக்கே தமிழில் சொன்னேன்.
தலையாட்டிக் கேட்டுக்கொண்டான்,
யாரோ ஒருவனைப் பற்றிப்போல.

ஒரு கொலைக்கும் அடுத்ததற்கும் நடுவில்
சூடு தணிகிற இடைவெளி ஒன்று இருக்குமாம்.
அவசரத்தில் என் வாய்க்கு வந்தது:
ஆறுதல் காலம்.

பின்வாங்கிலிருந்து யோகமலரின் தாய் சடையாயி எழும்பினாள்.
"ஆறுதலா? யாருக்கு?"

அமைதி, என்றார் முதலியார்.
என்ன சொன்னாள் என்று நீதிபதி கேட்டார்.
மொழிபெயர்த்தேன்.
சிங்களத்தில் அந்த இரண்டும் ஒரே சொல் இல்லை.
கேள்வி பாதி வழியில் செத்துப்போயிற்று.

ஓராண்டுக்குள் நடந்த ஒரே மாதிரிக் குற்றம்
மூன்றுவரைதான் ஒரு பத்திரத்தில் சேர்க்கலாம்
என்றார் அரச சட்டத்தரணி.
இவன் நாலரை வருடத்தில் ஐந்து.
சட்டத்தின் பன்னிரண்டு மாதத்தைவிட
மெதுவாகக் கொன்றிருக்கிறான்.
ஆகவே யோகமலருக்கு மட்டும் வழக்கு.
மற்றவர்கள் அவரவர் கோப்பில்,
அவரவர் வழுக்கலில்.

ஆயுள் தண்டனையா தூக்கா என்று வெளியே பேசிக்கொண்டார்கள்.
தூக்கு என்று எழுதுவார்கள், தூக்கமாட்டார்கள்,
இந்த நாட்டில் அப்படித்தான் என்றார் தேத்தண்ணிக் கடைக்காரர்.
சடையாயி கேட்டது அதுவல்ல:
"அந்தத் தோட்டக் குடுப்பாங்களா?"
வழக்குப் பொருள், மேன்முறையீடு முடியட்டும் என்றேன்.
அது என் சொந்தச் சொல்.

நானுஓயா தாண்டும்போது பஸ்ஸில் மழை.
முன் சீட்டுகளில் இருக்கும் பெண்களின்
இடது காதுகளைப் பார்த்துக்கொண்டே வருகிறேன்.
இது இப்போது ஒரு பழக்கம்.
தலவாக்கலையில் ஒருத்தி ஏறினாள், ஈரத் தலை.
இடது காதில் தோடில்லை,
ஓட்டையில் ஈர்க்குச்சி.

கம்பியைப் பிடிக்க அவள் திரும்பும்வரை
மூச்சை அடக்கிக்கொண்டிருந்தேன்.

வலதிலும் ஈர்க்குச்சி.
அடகுதான்.